இடப்பக்கம் பங்களா, வலப்பக்கம் லயம்

1

இந்தக் கதையை நான் உண்டாக்கவில்லை, பஸ்ஸில் கிடைத்தது. எல்கடுவையிலிருந்து உக்குவளைக்கு இறங்கும் பஸ்ஸில் டொறீன் எனக்குப் பக்கத்தில் இருந்தாள். மடியில் ஒரு புத்தகம். தோட்டத்துச் சின்னப் பிள்ளைகளுக்கென்று கொழும்பு நிறுவனமொன்று அச்சடித்த எதிர்ச்சொல் புத்தகம். போலீசில் பிடிபட்டவன் முகத்தை மறைப்பதுபோல் அதன் அட்டையைச் சேலைத் தலைப்பால் மூடியிருந்தாள்.

ஆகவே இப்படித் தொடங்குகிறேன்: பச்சைப் போர்வை போர்த்திய மலைகளின் நடுவே ஒரு

(வேண்டாம். தேயிலை மலைக்குப் போர்வை போர்த்திவிட்டவர்கள் எல்லாரும் வான் வண்டிக்குள் இருந்து பார்த்தவர்கள். அட்டை கடித்த காலைச் சொறிந்துகொண்டு யாரும் அப்படி எழுதியதில்லை.)

2

முதலில் எதிர்ச்சொல் புத்தகங்களைப் பற்றி ஒரு வார்த்தை. ஒரு வார்த்தை என்றால் பத்து, பொறுத்துக்கொள்ளுங்கள், கண்ணுகளா.

அவற்றைச் செய்கிறவர்கள் கடவுளைவிடத் தெளிவானவர்கள். கடவுள் பகலையும் இரவையும் படைத்துவிட்டு, மனசு கேட்காமல் நடுவில் ஒரு சாயங்காலத்தையும் வைத்தார். புத்தகக்காரர்களுக்கு அந்தத் தடுமாற்றமே கிடையாது. இடப்பக்கம் யானை, பெரியது. வலப்பக்கம் எறும்பு, சிறியது. எறும்பு காதுக்குள் போனால் யார் பெரியவர் என்று கேட்கும் பிள்ளையை வெளியே போய் விளையாடச் சொல்லிவிடுவார்கள்.

யானைக்கும் எறும்புக்கும் அதனால் நட்டமில்லை. அவை வாசிப்பதில்லை.

3

டொறீன் தோட்டத்துத் துரையின் பங்களாவில், குசினியில் வேலை செய்கிறாள். படம் பிடிக்கக் கொழும்பு ஆட்கள் வந்த அன்று அவளை விடியுமுன்னமே கூப்பிட்டுவிட்டார்கள். வருகிறவர்களுக்கு இடியப்பமும் சொதியும் சம்பலும் வேண்டுமே. அவசரத்தில் தன் வீட்டுச் சட்டிகளைக் கழுவாமல் ஓடினாள்.

வந்தவர்கள் நன்றாகச் சாப்பிட்டார்கள். பிறகு குசினியைப் பார்த்தார்கள், பளபளவென்றிருந்தது. கமராவைத் தூக்கினார்கள்.

“அக்கா, கொஞ்சம் தள்ளி நில்லுங்க. உங்க கை படத்துல விழுது.”

அந்தக் கை விழாத படம்தான் எட்டாம் பக்கம். கீழே பெரிய எழுத்தில்: சுத்தம்.

4

அடுத்ததாகத் தொழிலாளர்களின் வரிசை வீடுகளுக்கு, லயத்துக்கு, நடந்தார்கள். டொறீனின் புருஷன் வின்சன்ட் தேயிலை பெக்டரியில் இரவு வேலை முடிந்து வந்து தூங்கிக்கொண்டிருந்தான்.

“அண்ணன், வீட்டைப் படம் எடுக்கலாமா?”

லயத்தில் இந்தக் கேள்விக்கு ஒரே அர்த்தம்தான்: அரசாங்கம் கட்டித்தரும் தனி வீடு வருகிறது.* நன்றாயிருக்கும் லயத்து அறைக்கு, காம்பராவுக்கு, யார் புதுவீடு கொடுப்பார்கள்? “ஒரு நிமிசம் சேர்” என்று வின்சன்ட் உள்ளே ஓடினான். கழுவாத சட்டிகளை நிலத்தில் பரப்பினான். அடுப்புச் சாம்பலை அள்ளி மேலே தூவினான். கூரை ஒழுக்குக்கு வைக்கும் வாளியை மூலையிலிருந்து நடுவீட்டுக்கு இழுத்தான். மாதா படத்தை மட்டும் கழற்றிக் கட்டிலில் குப்புறப் போட்டான். மாதா இதைப் பார்க்க வேண்டாமென்று. கூரைத் தகரத்தை அவன் தொடவில்லை. அதற்கு ஒருவருடைய உதவியும் தேவைப்படவில்லை.

“போதுமா சேர்? மழையில இதவிட மோசம்.”

“சூப்பர் அண்ணன். அப்படியே இருக்கட்டும்.”

(* வீடு வருகிறது என்பது எங்கள் பக்கத்தில் ஒரு பருவகாலம். மழைக்கு முன்னும் வரும், தேர்தலுக்கு முன்னும் வரும். வீடு மட்டும் வராது.)

5

இந்த இடத்தில் வின்சன்டைக் கெட்டவனாக்கப் பார்த்தேன். அவன் ஒரு சோம்பேறி, குடித்து

(பொய். பாவம், அவன் பிளேன்டீதான் குடிப்பான். எதிர்ச்சொல் புத்தகத்தைப் பற்றி எழுதினால் அந்த வியாதி எனக்கும் தொற்றுகிறது.)

வாசித்துப் பழகவென்று புத்தகத்தை வீட்டுக்குக் கொண்டுவந்தது மகள் மதுஷிகா.

“அம்மா! நம்ம வீடு புத்தகத்துல வந்திருக்கு!”

ஒன்பதாம் பக்கம். கீழே: அழுக்கு.

டொறீன் நெடுநேரம் பார்த்தாள். “இந்த வாளி ஏன் நடுவீட்டுல நிக்குது?”

வின்சன்ட் கூரையைப் பார்த்தான்.

“ஏங்க, ஒங்களத்தான்.”

“வீட்டுக்குன்னு நெனச்சேன் புள்ள. கொஞ்சம் எடுப்பா இருக்கட்டுமேன்னு...”

“சாம்பலுமா?”

“அது... அந்த நேரத்துல வந்த யோசன.”

“நான் தெனம் கூட்டித் தொடைக்கிறத ஒருத்தன் படம் எடுக்கல. நீங்க ஒரு நிமிசம் கொட்டினது புத்தகமாயிருச்சு!”

“பங்களாக் குசினியும் நீ தொடச்சதுதானே? ரெண்டு பக்கமும் நம்ம குடும்பந்தான்.”

அகப்பை பறந்தது. அவன் குனிந்துகொண்டான்.

சிரிப்பு அதோடு முடிந்தது. வருகிற சனிக்கிழமை, தோட்டத்துக் குழந்தைகளைப் பார்த்துக்கொள்ளும் பிள்ளைக் காம்பராவில் புத்தக வெளியீடு. துரையின் மனைவி துரைசாணி வருவார், கொழும்பு ஆட்கள் வருவார்கள், லயமே வரும். ஒவ்வொரு பிள்ளையும் ஒரு சோடிப் பக்கத்தை உரக்க வாசிக்க வேண்டும். மதுஷிகாவுக்கு எந்தப் பக்கங்கள் என்று நீங்களே சொல்லிவிடுவீர்கள்.

“வேற பக்கம் குடுங்க டீச்சர்” என்று டொறீன் போய்க் கேட்டாள்.

“ஏன்? சொந்த வீடுதானே, பயப்படாம வாசிக்கும். மனப்பாடமும் ஆயிருச்சு.”

நடந்ததைச் சொல்லிவிடலாமென்றால் வின்சன்ட் கையைப் பிடித்துக்கொண்டான். “சொல்லிறாத டொறீன். அப்பறம் நெசமாவே வீட்டுக்குப் பேர் எழுத வந்தா, நம்ம ஒழுக்கையும் நடிப்புன்னுருவாங்க.”

சொன்னால் வீடு போகும். சொல்லாவிட்டால் பெற்ற பிள்ளை, ஊர் முன்னால், தாயின் குசினியைக் காட்டி அந்தச் சொல்லைச் சொல்லும். இதற்கு எந்தப் பக்கத்தில் படம் போடுவார்களோ தெரியவில்லை.

6

முடிவுகள் சில எழுதிப் பார்த்தேன்.

அ. மதுஷிகா எழுந்து, “இதுவும் எங்கம்மா குசினி, அதுவும் எங்கம்மா குசினி” என்கிறாள். கொழும்பு அம்மா ஒருவர் கண்ணைத் துடைத்துக்கொண்டு பலகாரத் தட்டிலிருந்து ரோல்ஸ் எடுக்கிறார். (கிழித்துவிட்டேன். பிள்ளை வாயால் பெரியவர்கள் திருந்தும் கதைகளில் ரோல்ஸ் அதிகம் செலவாகிறது.)

ஆ. சனி விடியலில் டொறீன் பங்களாக் குசினியில் சட்டிகளைப் பரப்பி, சாம்பலைத் தூவி, வாளியை நடுவில் வைக்கிறாள். (இதை மிகுந்த சந்தோஷத்தோடு எழுதினேன். பிறகுதான் உறைத்தது: அதைக் கழுவப்போகிறவளும் அவள்தான்.)

இ. இது என்னுடையதல்ல. பஸ்ஸில் அவளே கேட்டது.

“பெரியம்மா, எட்டையும் ஒம்பதையும் ஒண்ணா ஒட்டிட்டா? பசை எங்க நல்லதா கெடைக்கும்?”

“எத்தனை புத்தகம் மகள்?”

“வீட்டுக்கு வீடு குடுத்திருக்காங்க.”

இருவரும் சிரித்தோம். அவள் முதலில் நிறுத்தினாள்.

7

உக்குவளையில் இறங்கினாள். பிள்ளையின் காலுக்கு வெள்ளைச் சப்பாத்து வாங்க வேண்டும். மேடையேறுகிற பிள்ளை அல்லவா. இறங்கும்போது கேட்டாள்: “கதை சொல்றவங்கதானே நீங்க? புள்ள வாசிக்கிறப்ப நான் எங்க நிக்கிறது?”

பஸ் புறப்பட்டுவிட்டது. நல்ல வேளை.

சனிக்கிழமை இன்னும் வரவில்லை. ஆனாலும் உங்களுக்கு ஒரு கதிரை போட்டு வைத்திருக்கிறேன், கண்ணு, முன்வரிசையில். மதுஷிகா எட்டாம் பக்கத்தை வாசித்துவிட்டாள், கைதட்டினார்கள். வெள்ளைச் சப்பாத்து கொஞ்சம் பெரிது. ஒன்பதில் விரலை வைத்தவள் நிமிர்ந்து பார்க்கிறாள். வாசலில் அம்மா, கையில் தேத்தண்ணித் தட்டு. மனப்பாடமாக்கிய பிள்ளைக்குச் சொல் வரவில்லை. யாராவது பெரியவர் வாசித்துக் கொடுக்க வேண்டும்.

நான் கண்ணாடியை வீட்டில் மறந்துவிட்டேன். (பொய்தான்.)

நீங்கள் வாசியுங்கள். ஒரே சொல்தானே. உரக்க, டொறீன் உங்களுக்குப் பின்னால்தான் நிற்கிறாள்.