இரண்டாம் பரிசின் மேல் ஒரு வழக்கு

பிடிவாதம் என்றால் அப்படியொரு பிடிவாதம் ராசுவுக்கு. கள்ளக்குறிச்சியில் நடந்த பள்ளிக் கலைத்திருவிழாவில் அவன் மகள் சந்தியாவின் ஆட்டக் குழுவுக்கு இரண்டாம் பரிசு. கல்வராயன் மலையிலிருந்து இறங்கிப்போய் வாங்கிய பரிசு! மற்ற அப்பன்மார் சான்றிதழுக்குச் சட்டம் போட்டுச் சுவரில் மாட்டினார்கள். ராசு மட்டும் பொருமிக்கொண்டே திரிந்தான். முதலிடம் வந்தால்தான் மாநிலப் போட்டிக்குச் சென்னை போகலாம். மகளோ சென்னை சென்னை என்று உயிரை விட்டுக்கொண்டிருந்தாள்.

“கைத்தட்டு எங்க புள்ளைங்களுக்குத்தான் ஜாஸ்திங்க. வேணும்னே கவுத்துட்டானுங்க” என்று வக்கீல் வளர்மதியிடம் போய் நின்றான்.

“ஆதாரம் இன்னா இருக்குங்க?”

“முழுசா செல்லுல புடிச்சி வெச்சிக்கினு இருக்கேங்க.”

வளர்மதி அதை மெய்மறந்து பார்த்தாள், வழக்கும் போட்டாள். மார்க் போடுவது கோர்ட்டின் வேலையல்ல, நடுவர் குழுவே வீடியோவைப் பார்த்து மறுபடி முடிவெடுக்கட்டும் என்று உத்தரவு வந்தது. அப்புறம் ராசுவைப் பிடிக்க முடியுமா? மலை முழுக்கச் சொல்லித் தீர்த்தான். சந்தியா பையில் துணி மடித்து வைக்கவே ஆரம்பித்துவிட்டாள்.

நடுவர் குழு கூடிய அன்று ராசுவையும் வளர்மதியையும் உட்கார வைத்து வீடியோவைப் போட்டார்கள். சந்தியா மேளத்தில் ஒரே ஓர் அடி அடித்தாள். பிள்ளைகள் குனிந்து தரையைத் தொட்டு, அசையாமல் நின்றார்கள். அவர்கள் ஊரில் எந்த ஆட்டத்துக்கும் அதுதான் முறை. சாமியைக் கூப்பிட ஓர் அடி, சாமி வந்து நிற்கும்வரை மௌனம், பிறகுதான் ஆட்டம். அந்த நேரத்தை அங்கே யாரும் ஆட்டத்தோடு சேர்ப்பதில்லை.

குழுத் தலைவர் சேர்த்தார்.

“வாத்தியம் சத்தம் வந்தா டைம் ஸ்டார்ட்டுங்க. அதான் ரூல். டைம் தாண்டிடுச்சே! அன்னிக்கு நாங்க கவனிக்கல.”

“அய்யோ, அது ஆட்டமில்லீங்க! சாமிக்கு அடிச்சதுங்க!”

“புரியுதுங்க. கோர்ட்டே பாருன்னு சொன்னப்புறம் பாக்காத மாதிரி இருக்க முடியுங்களா?”

நேரம் தாண்டினால் தகுதி நீக்கம். இருந்த இரண்டாம் பரிசும் போயிற்று. எல்லாப் பிள்ளைகளின் சான்றிதழையும் திருப்பிக் கொடுக்கச் சொல்லிவிட்டார்கள். வளர்மதி தலையைக் கவிழ்த்துக்கொண்டாள்.

மறுநாள் ஒவ்வொரு வீட்டுச் சுவரும் காலியாயிற்று. பக்கத்து வீட்டுக் காசியம்மாள் சான்றிதழைச் சட்டத்தோடு ராசுவின் கையில் திணித்தாள்.

“நல்லா இருடா சாமி! எம் பொண்ணு உன்ன இன்னா பண்ணுச்சி?”

அவள் மகள், சந்தியாவின் உயிர்த்தோழி, உள்ளே எட்டிக்கூடப் பார்க்காமல் போனாள். சந்தியா மூலையில் சுருண்டு கிடந்தாள்.

“சாமிக்கு நான் அடிச்சதாலதானப்பா போச்சு?”

“சீ, இல்லம்மா. நீ ஒரு தப்பும் பண்ணல. நான் கேஸ் போட்டதாலதான் போச்சு.”

அவள் எழுந்து உட்கார்ந்தாள். கண்ணில் பொட்டுத் தண்ணீர் இல்லை.

“அப்ப ஏம்ப்பா போட்ட?”

உனக்காகத்தான் என்று சொல்ல வாயெடுத்தான் ராசு. சொன்னால் அந்தப் பழியும் பிள்ளை தலையில்தான் விடியும். “என் பிடிவாதம்மா” என்றான்.