பாய்லர்காரர் வீட்டுப் பனி

கப்பலில் பாய்லர் பார்த்து ஓய்வுபெற்றவர் இருமினால் அவர் வீட்டுக்குள் பனி கொட்டும். வெளியே வெயில் மண்டையைப் பிளக்கும். உள்ளே சோபா, டிவி, கொடியில் காயும் பனியன் எல்லாம் வெள்ளை வெளேரென்று கிடக்கும். அந்தப் பனி குளிராது, கரையாது, பட்ட இடத்தில் லேசாக அரிக்கும். மற்றபடி நல்ல பனிதான்.

எங்கள் தெரு முழுக்கப் பழைய கடற்படைக்காரர்கள். எங்களில் நீச்சல் தெரிந்தவர்கள் பாதிப் பேர்கூடத் தேறமாட்டார்கள் என்பதை வெளியில் சொல்லிக்கொள்வதில்லை. வீராதி வீரர்களாகிய நாங்கள் குண்டுக்குப் பயந்தோம், புயலுக்குப் பயந்தோம், அதிகாரியின் மனைவிக்குக்கூடப் பயந்தோம். சூடு தாங்குவதற்காக நீராவிக் குழாய்களில் சுற்றியிருந்த, வெள்ளைப் பஞ்சு மாதிரியான ஆஸ்பெஸ்டாஸுக்கு மட்டும் பயப்படவே இல்லை. ரிப்பேருக்காக அதைப் பிய்த்துப் போடும்போது உருண்டை பிடித்து ஒருவர்மேல் ஒருவர் எறிந்து விளையாடுவோம். குறி தவறாமல் எறிவதில் பாய்லர்காரரை அடித்துக்கொள்ள ஆள் கிடையாது. பையில் அடைத்துத் தலைக்கு வைத்தும் தூங்கியிருக்கிறார். “மெத்து மெத்துன்னு அப்படியொரு சுகம்! எமனையே தலகாணியா வெச்சுக் குறட்டை விட்ட மடையன் நான் ஒருத்தன்தான்” என்று இப்போது அவரே சொல்லிச் சிரிப்பார். சிரித்தால் இருமல் வரும். அப்புறம் கூட்டிப் பெருக்க அரை மணி நேரம் ஆகும்.

டாக்டர் நெஞ்சைப் படம் எடுத்துப் பார்த்தார். வாலிபத்தில் உள்ளே போன தூசி இப்போதுதான் வேலையைக் காட்டுகிறது, வெளியே எடுக்க மருந்து கிடையாது என்றார். சொல்லி முடிப்பதற்குள் பாய்லர்காரர் இருமிவிட, டாக்டர் மேஜைமேல் விரற்கடை உயரம் பனி. ஈரத்துணியால் துடைத்துவிட்டு அடுத்த ஆளைக் கூப்பிட்டார். அடுத்த ஆளும் எங்கள் தெருதான்.

பாய்லர்காரர் தனக்காகக் கவலைப்படவில்லை. கப்பல் சலவையில் போட்டால் பட்டன் தெறித்துவிடும் என்று, கரைக்கு வரும்போதெல்லாம் அழுக்கு யூனிஃபார்மை மூட்டை கட்டி வீட்டுக்குக் கொண்டுவந்தவர் அவர். அவர் மனைவி பின்வாசலில் நின்று ஒவ்வொன்றாக உதறித் துவைப்பார். வெள்ளையாகத் தூசி பறக்கும். ‘என் பெண்டாட்டி கை பட்டால்தான் துணி வெளுக்கும்’ என்று கப்பல் முழுக்கப் பீற்றிக்கொண்டவர். அந்தத் தூசி அவர் மனைவிக்குள்ளும் போயிருக்குமோ என்றுதான் இப்போது பயம். அதனால் தினமும் காலையில் அந்த அம்மாவை ஹாலில் நிறுத்தி, “எங்க, ஒரு தடவ இருமு பாப்போம்” என்பார். அந்த அம்மா இருமுவார். ஒன்றும் கொட்டாது. “போதுமா? போய்க் குளிங்க” என்று துடைப்பத்தை எடுப்பார். அதைப் பார்த்த பிறகுதான் பாய்லர்காரருக்குக் காபி தொண்டையில் இறங்கும்.

ஒரு நாள் முடிவெட்டப் போனவர், கடையில் கூட்டம் என்று உடனே திரும்பிவிட்டார். காலையில்தான் கூட்டித் துடைத்த வீடு. சமையலறையில் கணுக்கால் அளவு பனி. அந்த அம்மா குனிந்து அவசர அவசரமாக அள்ளிக்கொண்டிருந்தார்.

“எப்போலேருந்து?”

“ரெண்டு வருஷமாச்சு. காலைல நீங்க கேக்கும்போது தொண்டையில மட்டும் இருமுவேன். உள்ளேருந்து இருமினா கொட்டிடும்.”

எதற்கும் ஒரு கிண்டல் வைத்திருக்கும் மனிதர் அன்று சமையலறை வாசற்படியிலேயே உட்கார்ந்து அழுதார். அந்த அம்மா முறத்தை அவர் பக்கம் நீட்டி, “அழுதா இருமல் வரும். அதையும் நான்தான் அள்ளணும். எழுந்து முறத்தைப் புடிங்க” என்றார். எழுந்து பிடித்தார்.

இப்போது அந்த வீட்டில் இருவருக்கும் பனி கொட்டுகிறது. ஆளுக்கொரு நாள் கூட்டுகிறார்கள். மனைவியின் பனி சற்றுப் பொடியானது, இன்னும் வெளுப்பு என்று பாய்லர்காரர் சொல்கிறார். எங்களுக்கு வித்தியாசம் தெரியவில்லை.