கால் யூனிட் மணல்

ஐந்து மாதம் நடையாய் நடந்து வாங்கிய கோர்ட் உத்தரவை அஞ்சலாட்சி ஏட்டின் மேசைமேல் வைத்தாள். வண்டியை அவளிடம் கொடுத்துவிட வேண்டும், அதிலிருந்த மணலை அரசாங்கத்திடம் ஒப்படைக்க வேண்டும், இனி அந்த வண்டி மணலுக்குப் போகக் கூடாது. அவ்வளவுதான் உத்தரவு. அவளுடைய மாடுகள் இரண்டும் ஸ்டேஷனுக்கு வெளியே வேப்பமரத்தில் கட்டிக் கிடந்தன. திங்கட்கிழமை கரும்பு வெட்டு ஆரம்பம். அதற்குள் வண்டி வராவிட்டால் ஜோடியைத் தரகனுக்குப் பிடித்துக் கொடுக்க வேண்டியதுதான். சும்மா நிற்கிற மாட்டுக்கு வைக்கோல் போட இனி அவளால் ஆகாது.

அவள் மணல் அள்ளியது நிஜம். வீட்டுச் சுவர் பூச ஆற்றில் ஒரு நடை அள்ளினாள், மாட்டிக்கொண்டாள். அதே ஆற்றுத்துறையில் தார்ப்பாய் போர்த்திய லாரிகள் வரிசையாகக் கரையேறிப் போனதை ஒருத்தரும் பார்க்கவில்லை. சட்டத்துக்குக் கண்பார்வை மாட்டுவண்டி உயரம் வரைக்கும்தான்.

மாடுகளை மட்டும் பிடித்த அன்றைக்கே அவிழ்த்து விட்டுவிட்டார்கள். கருணை ஒன்றும் இல்லை. பறிமுதல் மஹஜரில் மாட்டை எழுதினால் ஸ்டேஷன்தான் தீனி போட வேண்டும். அதனால் ஏட்டு குலசேகரன், 'வண்டி ஒன்று, மண்வெட்டி ஒன்று, மணல் கால் யூனிட்' என்று மட்டும் எழுதிக்கொண்டார். வைக்கோல் கேட்காத சொத்துதான் அவருக்குப் பிடிக்கும்.

"உத்தரவெல்லாம் சரியாத்தான் இருக்கு. ஆனா மணலு எங்க?" என்றார் ஏட்டு.

"என்னயக் கேட்டா? உங்க காவல்ல இருந்த மணலு."

"மழையில கரைஞ்சு போச்சும்மா."

"கரையறதுக்கு அது இன்னா சக்கரையா?"

பாராவில் நின்ற போலீஸ்காரர் சிரிப்பை அடக்க முகத்தைத் திருப்பிக்கொண்டார். ஏட்டுக்குச் சுருக்கென்றது.

"இந்தாம்மா, மணலு ஒப்படைச்சதா எழுதாம வண்டிய வுட முடியாது. ஒண்ணு செய். கால் யூனிட் கொண்டாந்து கொட்டு, இன்னிக்கே ஓட்டிக்கினு போ."

"எங்கேர்ந்து கொண்டாரது?"

"முன்ன எங்க அள்ளினியோ, அங்கேர்ந்துதான்."

அஞ்சலாட்சிக்கு உடம்பு பற்றி எரிந்தது. திருடின மணலுக்குக் கணக்குக் காட்ட இன்னொரு திருட்டாம்! யோசனை சொல்கிறவர் காக்கிச் சட்டை போட்டிருக்கிறார்.

மணல் எங்கே போனது என்று அவளுக்குத் தெரியாதா? ஒவ்வொரு வாய்தாவுக்கும் வரும்போது வண்டியை எட்டிப் பார்த்துவிட்டுத்தான் போவாள். வண்டியில் மணல் இறங்க இறங்க, ஸ்டேஷன் வாசலில் பிள்ளையாருக்குச் சுவர் ஏறிக்கொண்டிருந்தது. போன மாதம் கும்பாபிஷேகமே ஆகிவிட்டது. அவளுக்கே சுண்டல் கொடுத்தார்கள்.

வெளியே போனாள். வண்டியில் கிடந்த மண்வெட்டியை எடுத்துக்கொண்டு பிள்ளையார் முன்னால் நின்று கன்னத்தில் போட்டுக்கொண்டாள்.

"அப்பனே, நீ குந்தியிருக்கிறது கேஸ் சொத்து. கொஞ்சம் எறங்கி நில்லு. ஏட்டய்யாவுக்கு மணலு வேணுமாம்" என்று உரக்கச் சொல்லி, மண்வெட்டியை ஓங்கினாள்.

எதிர்ச் சாரி டீக்கடையே எழுந்து நின்றது. ஏட்டு செருப்பில்லாமல் ஓடிவந்தார்.

"ஏய்! ஏய்! அபச்சாரம்மா! வையி அத!"

"கோர்ட்டு ஒப்படைக்கச் சொல்லுது, நீங்க கேக்கறீங்க. நான் இன்னா பண்ண?"

"ஒப்படைச்சாச்சு தாயே! மணலு வந்துடுச்சு. இப்பவே எழுதறேன்."

ஐந்து மாதம் நகராத பேனா ஐந்தே நிமிடத்தில் எழுதி முடித்தது. அவள் வரிவரியாகப் படிக்கச் சொல்லிக் கேட்டுவிட்டுத்தான் கையெழுத்துப் போட்டாள். வெயிலிலும் மழையிலும் கிடந்ததில் வண்டியின் பலகை பிளந்திருந்தது, ஒரு சக்கரம் முனகியது. பரவாயில்லை, திங்கட்கிழமைக்குள் ஆசாரி பார்த்துவிடுவார். நுகத்தடியில் யாரோ காயப்போட்டிருந்த பனியனைச் சுருட்டித் திண்டின்மேல் எறிந்துவிட்டு மாடுகளைப் பூட்டினாள்.

வண்டி கேட்டைத் தாண்டும்போது ஏட்டு ஒட்டினாற்போல நடந்துவந்தார். குரல் குழைந்திருந்தது.

"அஞ்சலாட்சி, பின்பக்கம் காம்பவுண்டு செவுரு பாதியில நிக்குது. வாரத்துக்கு ஒரு நடை கொண்டாந்து போட்டேன்னா, உன் வண்டிய இனி ஒருத்தரும் தொடமாட்டாங்க. நான் பாத்துக்கறேன்."

அவள் கயிற்றை இழுத்து வண்டியை நிறுத்தினாள். அவரை மேலும் கீழும் பார்த்தாள்.

"கோர்ட்டுல மனு போடுங்க ஏட்டய்யா," என்றாள். "அஞ்சு மாசத்துல கெடைக்கும்."