தன்னையே திட்டி ஓட்டுக் கேட்டவர்

அந்த நகரத் தொகுதிக்கு ஒரே ஒரு கொள்கைதான் உண்டு: பதவியில் இருப்பவர் யாரோ, அவரை வீட்டுக்கு அனுப்ப வேண்டும். தொகுதி உண்டான நாளிலிருந்து எவரும் இரண்டாம் முறை ஜெயித்ததில்லை. முதல் உறுப்பினர் சாலை போடவில்லை என்று தோற்றார். அடுத்தவர் சாலை போட்டார்; வண்டிகள் தலைதெறிக்கப் பறக்கின்றன என்று தோற்றார். அதற்கடுத்தவர் வேகத்தடை போட்டார். இடுப்பு வலி வந்துவிட்டது என்று சொல்லி ஓர் எலும்பு டாக்டரை ஜெயிக்க வைத்தார்கள். டாக்டர் என்ன பாவம் செய்தார்? ஒன்றுமில்லை. ஐந்து வருஷம் பதவியில் இருந்தார், அது போதாதா!

இப்போதைய உறுப்பினர் ஒரு சலவைக் கடைக்காரர். தேர்தல் நெருங்க நெருங்க அவர் காலண்டரைச் சுவர்ப்பக்கம் திருப்பி வைத்தார். பதவி போனால்கூடப் பரவாயில்லை; திரும்பிப் போகக் கடை வேண்டுமே. சட்டசபைக்குப் போகிற மிதப்பில் கடையை மனைவியின் தம்பி பேருக்கு எழுதிக் கொடுத்துவிட்டார். மச்சான் இப்போது முதலாளி. சுழல்நாற்காலியில் உட்கார்ந்து காலை ஆட்டிக்கொண்டிருந்தான்.

“தோத்தா கவலப்படாதீங்க அத்தான். இஸ்திரி மேசை காலியாத்தான் இருக்கு. காலையில எட்டு மணிக்கு வந்துடணும். லேட்டா வந்தா எனக்குப் பிடிக்காது.”

இவனிடம் கைகட்டி நிற்பதைவிட வேறு என்ன வேண்டுமானாலும் செய்யலாம் என்று உறுப்பினருக்குத் தோன்றியது. சவரம் செய்துகொள்ளும்போது திடீரென்று அவருக்கு மூளை வேலை செய்தது. ஜனங்களுக்குத் தன் மேல் கோபமில்லை. உறுப்பினர் மேல்தான் கோபம். அப்படியானால் தானும் சேர்ந்து அந்த ஆளைத் திட்டினால் என்ன?

முதல் கூட்டத்திலேயே மைக்கைப் பிடித்தார். “அஞ்சு வருஷமா உங்க உறுப்பினர் என்ன கிழிச்சார்? சாக்கடைக்கு மூடி போட்டாரா? போன் பண்ணா எடுத்தாரா? நானே பாத்திருக்கேன், போன் அடிக்கும், அதைத் தலையணைக்கு அடியில வெச்சுட்டுத் தூங்குவார்!”

ஜனங்கள் ஒரு கணம் திருதிருவென்று விழித்தார்கள். பிறகு கைதட்டினார்கள். இவ்வளவு உள்விவரத்தோடு எந்த வேட்பாளரும் பேசி அவர்கள் கேட்டதில்லை.

எதிர்த்து நின்றவர் ஓய்வுபெற்ற தலைமையாசிரியை. உறுப்பினரின் குறைகளை அவர் ஒன்றுவிடாமல் மனப்பாடம் செய்து வைத்திருந்தார். எல்லாவற்றையும் இந்த மனுஷனே சொல்லிவிட்டால் அவர் எதைத்தான் பேசுவது? எதிராளி சொல்வது சரி என்று ஒப்புக்கொள்கிற வழக்கம் அவர் வம்சத்திலேயே கிடையாது. மேடையேறி வெடித்தார்.

“வாய்க்கு வந்தபடி பேசக்கூடாது! அந்த உறுப்பினர் ஒண்ணுமே செய்யலையா? பஸ் நிறுத்தத்துக்குக் கூரை போட்டது யாரு? ஆஸ்பத்திரிக்கு லிஃப்ட் வந்தது யாரால?”

கூட்டத்தின் ஓரத்தில் நின்று கேட்ட உறுப்பினருக்குக் கண் கலங்கிவிட்டது. லிஃப்ட் விஷயம் அவருக்கே மறந்துபோயிருந்தது. ஐந்து வருஷத்தில் ஒரு ஜீவன்கூடத் தன்னை இப்படிப் பாராட்டவில்லையே என்று மூக்கைச் சிந்தினார். ஆனாலும் மறுநாள் இன்னும் உரக்கத் திட்டினார்.

கடைசிக் கூட்டத்தில் ஆவேசம் தலைக்கேறியது. “என்னை ஜெயிக்க வைங்க! மறுநாளே அந்த ஆளைப் பழையபடி இஸ்திரி போட அனுப்பலேன்னா, என்னை ஏன்னு கேளுங்க!”

பக்கத்தில் நின்ற மனைவி அவர் சட்டையைப் பிடித்து இழுத்தாள். “என்ன பேசுறோம்னு தெரிஞ்சுதான் பேசுறீங்களா?”

“சும்மா இரு. எப்படிக் கைதட்டுறாங்க பாரு!”

ஜெயித்தார். பழைய உறுப்பினரை வெறுத்தவர்கள் அவருக்குப் போட்டார்கள். தலைமையாசிரியை பேச்சை நம்பிப் பழைய உறுப்பினரை விரும்பியவர்களும் அவருக்கே போட்டார்கள். பாவம், தலைமையாசிரியை மண்ணைக் கவ்வினார்.

மறுநாள் காலை வாசலில் கூட்டம். மாலையோடு வந்திருப்பார்கள் என்று உறுப்பினர் பல்லெல்லாம் தெரியக் கதவைத் திறந்தார். எல்லோரும் வெறுங்கையோடு நின்றார்கள்.

“அந்தப் பழைய ஆளை எப்ப அனுப்பப் போறீங்க?” என்றார் முன்னால் நின்ற பால்காரர்.

“அது ஒரு பேச்சுக்குச் சொன்னதுப்பா.”

பால்காரர் முகம் சுண்டிவிட்டது. “வாங்கப்பா போலாம். இவரும் அவரை மாதிரித்தான்.”

உறுப்பினருக்குச் சுருக்கென்றது. இத்தனை நாளும் தொண்டை கட்டக் கட்டத் திட்டியதில், சொன்ன சொல்லைக் காப்பாற்றாத அந்த ஆள் மேல் அவருக்கே நிஜமான ஆத்திரம் வந்திருந்தது. அவனைப் போலவா நான்? செருப்பை மாட்டிக்கொண்டு விறுவிறுவென்று நடந்தார். ஊரே பின்னால் வந்தது.

மச்சான் கடிகாரத்தைப் பார்த்தான். “மொத நாளே லேட்டு, அத்தான்.”

மத்தியானத்துக்குள் வரிசை தெருமுனையைத் தாண்டிவிட்டது. ஒவ்வொருவர் கக்கத்திலும் ஒரு துணி, வாயில் ஒரு புகார். முன்பெல்லாம் காரில் ஏறித் தப்பித்துவிடுவார். சுடச்சுட இஸ்திரிப் பெட்டியைப் பிடித்துக்கொண்டு எங்கே ஓடுவது? சாக்கடை, தெருவிளக்கு, தண்ணீர் என்று எல்லாவற்றையும் கேட்டார். வியர்வையைத் துடைக்கக்கூட நேரமில்லை.

கடைசியாகத் தலைமையாசிரியை வந்தார். தேய்த்துக் கொடுத்த வீட்டுக்காரர் சட்டையை மேசைமேல் விரித்து, கண்ணாடியை மூக்கு நுனிக்கு இறக்கி, காலரைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். சுருக்கம் அப்படியே இருந்தது.

“மேடையில உங்களைப் பத்தி நல்லவிதமாப் பேசினேனே,” என்றார். “அதெல்லாம் வாபஸ்.”