விருந்தாளிக்குக் காலிஃபிளவர்

புதுப்பட்டினத்தில் தாமோதரன் வைத்திருந்த காய்கறிக் கடையைப் பற்றி ஒரு வதந்தி கிளம்பியது. திருக்கழுக்குன்றம் பக்கத்துத் தோட்டங்களில் விளைந்தது என்று சொல்லி அவன் விற்பதெல்லாம் மெட்ராஸ் கோயம்பேடு மார்க்கெட்டிலிருந்து வருகிறதாம். இது நடந்தது 2003இல். கடைக்கு வருபவர்கள் பெரும்பாலும் பக்கத்து அணு ஆராய்ச்சி நிலைய உத்தியோகஸ்தர்கள். அணுவையே பிளந்து பார்க்கிறவர்கள் கத்தரிக்காயை மட்டும் நம்பி வாங்கிவிடுவார்களா?

அவர்களுடைய குவார்ட்டர்ஸ் குடியிருப்போர் சங்கச் செயலாளர் கோபாலகிருஷ்ணன் நியாயஸ்தர். நேராகக் கடைக்கே வந்தார்.

“தோட்டத்தைக் காட்டுங்க தாமோதரன். கண்ணால பார்த்துட்டு நானே எல்லார்கிட்டயும் சொல்றேன். இல்லேன்னா மெட்ராஸ்லேர்ந்து ஒரு வேன்காரன் குவார்ட்டர்ஸுக்கே கொண்டுவந்து தர்றேங்கிறான். அவனை வரச் சொல்லிடுவோம்.”

குவார்ட்டர்ஸ் வாங்காவிட்டால் கடை இல்லை. தாமோதரன் கும்பிட்டு அழைத்துப் போனான்.

கடைக்குக் கத்தரியும் வெண்டையும் கொடுப்பவர் எல்லப்பன். ஞாயிற்றுக்கிழமை கோபாலகிருஷ்ணன், மனைவி ஜெகதாம்பாள், இன்னும் நாலைந்து பேர் அவர் தோட்டத்தைச் சுற்றிப் பார்த்தார்கள். கத்தரிக்காயைக் காம்போடு பறித்தார்கள். பம்புசெட்டில் கால் நனைத்தார்கள். சந்தேகம் தீர்ந்தது. அப்படியே வந்த ஜீப்பில் ஏறியிருந்தால் இந்தக் கதை இல்லை. எல்லப்பன் சாப்பிடக் கூப்பிட்டார்.

அவர் மனைவி வேண்டா சமைத்திருந்தாள். வந்தவர்களுக்குக் கொல்லையில் தொங்குவதைப் பறித்துப் போட்டால் ஊர் காறித் துப்பும். விருந்து என்றால் இங்கிலீஷ் காய். முதல் நாள் வெயிலில் செங்கல்பட்டு மார்க்கெட்டுக்குப் பஸ் ஏறிப் போய் வாங்கிவந்து காலிஃபிளவர் வறுவலும் கேரட் பீன்ஸ் பொரியலும் செய்துவிட்டாள்.

கோபாலகிருஷ்ணன் ஒரு வாய் போட்டுக்கொண்டு கண்ணை மூடினார்.

“ஜெகதா, பார்த்தியா? இதுதான் மண்ணோட ருசி. கோயம்பேட்டுக் காலிஃபிளவர்ல இது வருமா?”

“வரவே வராது” என்றாள் ஜெகதாம்பாள்.

“எல்லாம் உங்க தோட்டத்துதானேம்மா?” என்று வேண்டாவைக் கேட்டார் கோபாலகிருஷ்ணன்.

வேண்டா சிரித்தாள். விருந்தாளி கேட்டால் இல்லை என்று சொல்லிப் பழக்கமில்லாத எல்லப்பன், “ஆமா சார், எல்லாம் நம்மளுதுதான். கூச்சப்படாம துன்னுங்க” என்றார்.

சித்திரை வெயிலில் அந்த மண்ணில் காலிஃபிளவர் எப்படி விளையும்? தோட்டத்தைச் சுற்றியபோது அந்தச் செடி ஒன்றுகூடக் கண்ணில் படவில்லையே என்று ஒரு விஞ்ஞானிக்கும் தோன்றவில்லை. பசி அப்படி. தாமோதரன் உண்மையைச் சொல்ல வாயைத் திறந்தான். வாசற்படியில் நின்று இலைகளையே பார்த்துக்கொண்டிருந்த வேண்டாவின் முகத்தில் அத்தனை சந்தோஷம். திறந்த வாய்க்கு வேறு வேலை கொடுத்தாக வேண்டும்.

“எனக்கும் இன்னும் கொஞ்சம் போடு யக்கா” என்றான்.

மறுநாள் கடையில் கூட்டம் நெரிந்தது. எல்லோருக்கும் எல்லப்பன் தோட்டத்துக் காலிஃபிளவர் வேண்டும்.

“சீசன் முடிஞ்சிபோச்சு சார்.”

“நேத்து நாங்க சாப்பிட்டோமே?” என்றார் கோபாலகிருஷ்ணன்.

தாமோதரன் தலையைச் சொறிந்தான். அந்த வாரமே புது வதந்தி கிளம்பியது. எல்லப்பனிடம் விளையும் நல்ல காயை எல்லாம் அவன் கோயம்பேட்டுக்கு அனுப்பிவிட்டு, சொத்தைக் கத்தரிக்காயைக் குவார்ட்டர்ஸ் தலையில் கட்டுகிறானாம்.

சங்கம் வேன்காரனை வரச்சொன்னது. கோயம்பேட்டிலிருந்து பெரிய பெரிய காலிஃபிளவராகக் கொண்டுவந்து இறக்கினான். ஜெகதாம்பாள் வறுத்துப் போட்டாள். கோபாலகிருஷ்ணன் ஒரு வாய் தின்றதும் மேஜையைத் தட்டினார். “சந்தேகமே இல்லை. இது எல்லப்பன் தோட்டத்துக் காலிஃபிளவர்தான்!”

கடையில் கத்தரிக்காய் சுருங்கியது. மாதக் கடைசியில் தாமோதரன் ஷட்டரை இறக்கிவிட்டு எல்லப்பன் வீட்டுக்குப் போனான்.

“நாளிக்குப் பறிக்க வேணாம் அண்ணாத்த. கடைய மூட்டேன்.”

“இன்னாத்துக்குடா?”

“வேன் வந்துகினு கீது. வியாபாரம் இல்ல.”

காலிஃபிளவர் பேச்சையே அவன் எடுக்கவில்லை. சொம்பில் தண்ணீர் கொண்டுவந்த வேண்டாவுக்கு வேறு கவலை.

“அன்னிக்கி வந்தாங்களே அந்த சாருங்க, சாப்பாட்டப் பத்தி எதுனா கொற சொன்னாங்களா தம்பி?”

“ஒரு கொறையும் இல்ல யக்கா. இன்னும் அந்தக் காலிபிளவரப் பத்திதான் பேசிகினு கீறாங்க.”

அவளுக்கு மனசு குளிர்ந்துவிட்டது. தாமோதரனுக்கு ஆத்திரமும் அழுகையும் சேர்ந்து வந்தன. தண்ணீரை ஒரே மூச்சில் குடித்துவிட்டு எழுந்தான்.

“இருடா, துன்னுட்டுப் போ” என்று சொல்லி வேண்டா தட்டை வைத்தாள். சோறு போட்டுக் கத்தரிக்காய்க் குழம்பை ஊற்றினாள். “ஒனக்காக ஒண்ணும் தனியா செய்யல. நீ நம்ம வூட்டு ஆளுதானே” என்றாள்.