இறக்கி வைத்த கல்

பகல் இரண்டு மணிக்குள் ஜெர்மனியின் மோசல் ஆறு வால்புர்காவின் வீட்டுக் கீழ்த்தளத்தை விழுங்கிவிட்டது. மாடி ஜன்னலுக்கு அடியில் ஆடிய தீயணைப்புப் படகில் கிஸ்பெர்ட் பலகையை இறுகப் பிடித்தபடி உட்கார்ந்திருந்தார். ஊர் மரபுச் சங்கத்தின் தலைவர். அறுபத்தெட்டு வயதாகியும் நீச்சல் தெரியாது. ஆற்றைக் கண்டாலே அவர் பத்தடி தள்ளி நடப்பார் என்பது ஊரறிந்த விஷயம்.

"வரலைன்னா விட மாட்டியாடா?" ஜன்னலில் நின்று கத்தினாள் வால்புர்கா. பள்ளிக்கூடத்தில் அவருக்கு மூன்று வகுப்பு மேலே படித்தவள். "என் வீட்டுச் சுவத்துல, வெள்ளம் ஏறின உயரத்தைக் காட்டப் பதிச்ச கல்லைப் பாரு. 1784 வெள்ளத்தை விடப் பெரிசா இந்த ஊர் எதைக் கண்டிருக்கு? அதுவே அந்தக் கல்லோட நின்னுடுச்சு. என் மாடித் தரை அதுக்கும் ஒரு சாண் மேல. இந்தக் குளிர்ல அலோயிஸைப் படகுல ஏத்தினா பாதி வழியில போயிடுவாரு."

உள்ளே கட்டிலில் அவள் கணவர் அலோயிஸ் இழுத்து இழுத்து மூச்சு விடுவது கேட்டது. படுக்கையில் விழுந்து இரண்டு வருடம்.

"இன்னும் ஒரு மீட்டர் ஏறுமாம். இதுதான் கடைசி சுத்து, பாட்டி" என்றான் படகோட்டிய ஃபோல்கர்.

"ரேடியோ வருஷா வருஷம் அதைத்தான் சொல்லுது."

தண்ணீர் கல்லின் அடி விளிம்பைத் தொட்டது. கிஸ்பெர்ட் அதைப் பார்த்தார். இனி சொல்லித்தான் ஆக வேண்டும்.

"வால்புர்கா, அந்தக் கல் அங்க இருந்ததில்லை. கொடி மூடிக் கிடந்ததால உனக்குப் பழைய இடம் தெரியாது; சுவர் பூசினப்ப நான்தான் கொடியை வெட்டி, கல்லைக் கீழ இறக்கி வச்சேன். நீ அப்ப ட்ரியர் நகரத்துல மக வீட்ல இருந்தே. ஊர் பார்க்க வர்றவங்களுக்குக் கல்லுல இருக்கிற எழுத்து தெரியலை, போட்டோவுல விழலைன்னு... பழைய இடத்துல ஒரு கோடு போடணும்னு இருந்தேன். போடலை."

"போடா, புளுகாதே! கல் அசையவே இல்லைன்னு ஊர் வரலாற்றுப் புத்தகத்துல எழுதினவன் நீதானே? என்னைக் கிளப்ப இப்ப ஒரு கதையா?"

 எழுதியது அவர்தான். அந்த வரியில் அவருக்குப் பெருமை வேறு.

அவர் எழுந்தார். படகு சாய்ந்தது. ஜன்னல் கட்டையைப் பற்றி, வயிறு உரசி உள்ளே விழுந்தார். "ஃபோல்கர், நீ போ. இவங்க வராம நான் வரலை."

வால்புர்கா அவரை ஏற இறங்கப் பார்த்தாள்.  கால்சட்டை நனைந்திருந்தது, ஆற்றுத் தண்ணீரால் மட்டுமல்ல. தண்ணீருக்கு இத்தனை பயந்தவன் பொய்க்காகப் படகை அனுப்ப மாட்டான்.

"ஃபோல்கர், போகாதே!" என்று அலறினாள். "கம்பளியைப் பிடி. முதல்ல அலோயிஸோட காலை இறக்கு."

படகு நகர்ந்தபோது கல் மூழ்கியிருந்தது.

"எவ்வளவு இறக்கினே?"

கிஸ்பெர்ட் கை தூக்கிக் காட்டினார். வெளிச்சுவரில் ஜன்னலுக்குப் பக்கத்தில், பூச்சு மூடியும் குழிவாகத் தெரிந்த நான்கு பழைய ஆணித் துளைகள். மாடியில் அலோயிஸ் கிடந்த கட்டிலை விட முழங்கை உயரம் மேலே.

வால்புர்கா அண்ணாந்து பார்த்தாள். பிறகு கணவரின் காதுகளைக் கம்பளியால் மூடினாள்.

"போயிடலாம் போயிடலாம்னு காலையிலேர்ந்து கெஞ்சினாரு மனுஷன்" என்றாள். "கல்லைக் காட்டிக் காட்டி நான்தான் வாயை அடைச்சேன்."