கொளஞ்சி வீட்டுக் கண் திறப்பு

எங்கள் வீட்டுக்காரருக்கு உலகத்திலேயே பிடித்த வார்த்தை ‘தொடாதீங்க’ என்பதுதான். மூன்று வருஷமாக அதைச் சொல்வதற்குத்தான் அரசாங்கம் அவருக்குத் தினக்கூலி கொடுத்துக்கொண்டிருந்தது. பழக்கதோஷம், வீட்டில் நான் குழம்புச் சட்டியைத் தொட்டால்கூட அதே வார்த்தை வந்துவிடும். நான் சும்மா விடுவேனா? “இது உங்க ஓவியர் வூடு இல்ல, என் வூடு” என்று கரண்டியைக் காட்டுவேன்.

ஓவியர் வீடு என்றால் கொளஞ்சி வீடு. விருத்தாசலத்தில் பிறந்து, காலண்டருக்குச் சாமி படம் போட்டு, டெல்லி வரைக்கும் போய்ப் பரிசு வாங்கிய மனுஷன். அவர் வரைந்த முருகன் மாட்டாத டீக்கடை எங்கள் பக்கத்தில் கிடையாது. எண்பத்தெட்டில் அவர் காலமானார். அவர் சம்சாரம் வீட்டை அரசாங்கத்துக்கு எழுதிக் கொடுத்துவிட்டு, கடலூரில் மகனோடு போய் இருந்துகொண்டார். வீடு நினைவு இல்லம் ஆனது. வாசலில் போர்டு, உள்ளே கயிறு கட்டிய நாற்காலி, மேசை மேல் அவர் மூக்குக்கண்ணாடி, பிரஷ்கள், டீ குடித்த கப், சுவர் முழுக்கப் படங்கள். இதற்கெல்லாம் காவல்தான் எங்கள் வீட்டுக்காரர்.

காவல் காக்க ஆள் இருந்ததே தவிர பார்க்க ஆள் இல்லை. தொண்ணூற்று நாலில் மாசி மகம் முடிந்த வாரம் ஒரு கடிதம் வந்தது. வியாழக்கிழமை மூன்று மணிக்குச் சென்னையிலிருந்து ஆபீசர் வருகிறார். ஜனங்கள் வந்து போகிறார்கள் என்று தெரிந்தால் இல்லம் தொடர்ந்து நடக்கும், காவலாளியையும் நிரந்தரம் ஆக்குவார்கள். இல்லையென்றால் சாமான்களை வேறு ஊர் மியூசியத்துக்கு ஏற்றிவிட்டு வீட்டைப் பூட்டிவிடுவார்கள்.

வருகைப் பதிவேட்டை அன்றைக்கு வீட்டுக்கே எடுத்துவந்து காட்டினார். போன மாதம் மொத்தம் பதினோரு பெயர். அதில் நாலு பேர் தண்ணீர் குடிக்க வந்த பள்ளிக்கூடப் பிள்ளைகள். ஒருத்தர் மங்கலம்பேட்டை பஸ் எங்கே நிற்கும் என்று கேட்க வந்தவர். அவரையும் பிடித்து உட்கார வைத்துக் கையெழுத்து வாங்கியிருக்கிறார் மனுஷன்.

எனக்குச் சிரிப்பு வந்தது. அவர் முகத்தைப் பார்த்ததும் நின்றுவிட்டது. சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தார், ஒரு வாய் உள்ளே போகவில்லை.

“சூளை வேலையில இடுப்பு போயிடுச்சு. மூட்டை தூக்க முடியாது, மண்ணு மிதிக்க முடியாது. இதுவும் போச்சுன்னா எவன் என்னைக் கூப்புடுவான் திரௌபதி?” என்றார்.

“ஆளுதான வேணும்? நான் இட்டாறேன். நீங்க சாப்புடுங்க” என்றேன்.

நான் வேலை செய்வது பீங்கான் பொம்மை செய்கிற ஒரு யூனிட்டில். அச்சில் வார்ப்பவர்கள் தனி, ஓரம் சீவுகிறவர்கள் தனி, சேலைக்கு வர்ணம் கொடுக்கிறவர்கள் தனி. நான் கண் போடுகிறவள். ஒரு நாளைக்கு அறுநூறு பொம்மைக்குக் கண் திறப்பேன். வெள்ளை ஒரு இழுப்பு, கறுப்பு ஒரு இழுப்பு, நடுவில் ஒரு பொட்டு. என் வெள்ளையையும் கறுப்பையும் யாரிடமும் கொடுக்கமாட்டேன், தண்ணீர் கலந்து கெடுத்துவிடுவார்கள். இரண்டு சின்ன சீசா எப்போதும் இடுப்புச் சுருக்குப் பையில் இருக்கும். பிரஷ் கொண்டையில் இருக்கும்.

எங்களுக்குப் பீஸ் கணக்குதான். வேலையை முடித்துவிட்டால் எப்போது வேண்டுமானாலும் கிளம்பலாம். வியாழக்கிழமை காலையில் கையை ஓட்டி வேலையை முடித்துவிட்டு, மத்தியானச் சோற்றுக்கு அப்புறம் முப்பத்திரண்டு பெண்களை வரிசையாக நடத்திக் கூட்டிப்போனேன். எங்கள் வீட்டுக்காரருக்கு வாயெல்லாம் பல். ஒவ்வொருத்தியிடமும் பதிவேட்டை நீட்டிக் கையெழுத்து வாங்கினார். பிறகு ஆபீசர் ஜீப்புக்காக வாசலில் போய் நின்றுகொண்டார். அங்கேதான் தப்பு செய்தார்.

பீங்கான் வேலை செய்கிறவர்களுக்கு ஒரு புத்தி உண்டு. எந்தச் சாமானைக் கையில் எடுத்தாலும் கவிழ்த்து அடியைப் பார்ப்போம். நகத்தால் ஒரு தட்டுத் தட்டிச் சத்தம் கேட்போம். விரிசல் இருந்தால் சத்தம் செத்துப்போயிருக்கும். கல்யாண வீட்டில் காப்பி கொடுத்தால்கூடத் தட்டிப் பார்த்துவிட்டுத்தான் குடிப்போம். இந்த முப்பத்திரண்டு பேரும் உள்ளே போன அடுத்த நிமிஷம் ஓவியரின் கப் கை மாறிக் கை மாறிச் சுற்றியது. ஜன்னல் ஓரத்துப் பூச்சாடியையும் ஒருத்தி கவிழ்த்துப் பார்த்துவிட்டாள்.

“கப்பு நல்ல கப்பு. அடிதான் சரியா தேய்க்கல” என்று தீர்ப்புச் சொன்னாள் அமிர்தம். அவள் எங்கள் யூனிட்டில் உடைசல், ஓட்டை பார்த்துத் தள்ளுகிறவள். அவளிடமிருந்து எதுவும் தப்பாது.

பின்கட்டு அறையிலிருந்து அவளே மறுபடியும் கூப்பிட்டாள். “திரௌபதி, இங்க வந்து பாரு. ஒரு செகண்ட்ஸ் மாட்டி வெச்சிருக்காங்க.” குறை இருந்து தள்ளுகிற சாமானுக்கு எங்கள் யூனிட்டில் அதுதான் பெயர்.

போய்ப் பார்த்தேன். மூன்று வருஷமாகச் சாப்பாட்டுத் தூக்கு கொண்டுவந்து வாசலோடு திரும்புகிறவள் நான். அந்த அறைக்குள் போனதே இல்லை. ஆள் உயரப் படம். ஒரு பெண் கையில் டீ தம்ளரோடு நிற்கிறாள். சேலை மடிப்பு, வளையல், தம்ளரில் எழும்புகிற ஆவி, எல்லாம் அப்படியே உயிரோடு இருக்கிறது. புருவம்கூட இருக்கிறது. கண் மட்டும் இல்லை. அந்த இடத்தில் வெறும் சந்தன நிறம். கீழே அட்டையில் எழுதியிருந்தது: ‘ஓவியரின் மனைவி. முற்றுப்பெறாத ஓவியம், 1988.’

எனக்கு வந்ததே கோபம். கண் போடாத பொம்மையை எங்கள் யூனிட்டில் ஒரு ராத்திரிகூட மேசையில் விட்டுவைக்கமாட்டோம். இங்கே ஒரு பெண்பிள்ளையை ஆறு வருஷமாக இப்படி நிறுத்திவைத்திருக்கிறார்கள், அதற்குக் காவல் வேறு.

“நீ போட்டுடு” என்றாள் அமிர்தம். “உனக்கு ரெண்டு நிமிசம் ஆவுமா?”

இரண்டு நிமிஷம்கூட ஆகவில்லை. சத்தியமாகச் சொல்கிறேன், கெடுக்க வேண்டும் என்று நான் நினைக்கவில்லை. எங்கள் வர்ணம் சூளையில் வெந்தால்தான் பிடிக்கும். அதுவரைக்கும் ஈரத்துணி பட்டால் போய்விடும், அதுவும் எண்ணெய்ச் சாயத்து மேல் கேட்கவே வேண்டாம். ஆனால் அதை யோசித்தா போட்டேன்? கொழுப்பு, வேறென்ன. ஸ்டூலில் ஏறி வெள்ளை இழுத்து, கறுப்பு இழுத்து, நடுவில் பொட்டு வைத்து இறங்கினேன். எல்லோரும் கை தட்டினார்கள்.

கைதட்டல் கேட்டுத்தான் எங்கள் வீட்டுக்காரர் ஓடிவந்தார். பின்னால் ஆபீசர். அவருக்குப் பின்னால் வெள்ளை வாயில் புடவையில் ஒரு வயதான அம்மாள்.

எங்கள் வீட்டுக்காரர் படத்தைப் பார்த்தார். என் கையிலிருந்த பிரஷைப் பார்த்தார். “அடிப் பாவி, என் சோத்துல மண்ணள்ளிப் போட்டுட்டியே” என்று மெதுவாகச் சொல்லிவிட்டு அப்படியே தூணைப் பிடித்துக்கொண்டார். அப்போதுதான் எனக்கு உறைத்தது. வேலையைக் காப்பாற்ற வந்தவள் நானே அதற்குக் கொள்ளி வைத்துவிட்டேன்.

ஆபீசர் முகம் கறுத்துவிட்டது. “யார் செய்தது இது? வாட்ச்மேன், நீங்க எதுக்கு இருக்கீங்க?”

“அவரு வாசல்ல இருந்தாருங்க. நாந்தாங்க போட்டேன். ஈரத்துணி வெச்சா போயிடுங்க, தடம் தெரியாதுங்க” என்று முந்தானையை நனைக்கத் தண்ணீர் தேடினேன்.

“இரும்மா” என்றார் அந்த அம்மாள். படத்துக்கு நேர் எதிரே வந்து நின்றார். அப்போதுதான் புரிந்தது. அதே மூக்கு, அதே மோவாய். ஓவியர் சம்சாரம் அம்புஜவல்லி அம்மாள், ஆபீசர்தான் கடலூரில் ஜீப்பை நிறுத்தி ஏற்றிவந்திருக்கிறார். வீடு நினைவு இல்லமான பிறகு இன்றைக்குத்தான் முதல் தடவையாக உள்ளே வருகிறார். கொஞ்ச நேரம் பார்த்தார். அவருக்குச் சிரிப்பு வந்துவிட்டது.

“நல்லாத்தான் போட்டிருக்க. ஆனா இது பொம்மைக் கண்ணு. என்னுது இல்ல.”

“தெனம் அறுநூறு இதையேதாங்க போடறேன்” என்றேன் குனிந்த தலையோடு.

“அதான் யாரையும் பாக்காத கண்ணா இருக்குது. நான் இந்த டீயை வெச்சிக்கிட்டு அவருக்குப் பக்கத்துல நிப்பேன். அவரு பிரஷ்ஷை விட்டுத் தலை நிமுந்தே பாக்க மாட்டாரு. டீ ஆறிப்போவும். அப்ப என் கண்ணு எப்படி இருந்திருக்கும்? தொடைச்சிட்டு, என்னைப் பாத்துப் போடு.”

“அம்மா, ரூல்ஸ்படி இதையெல்லாம்...” என்று ஆபீசர் ஆரம்பித்தார்.

“வூட்டைத்தான் சார் உங்களுக்குக் குடுத்தேன். படம் என்னுது. பாக்கறதுக்கு இரவல் குடுத்திருக்கேன், உங்க ஃபைல்லயே இருக்குது, பாருங்க.”

முந்தானையை நனைத்துத் துடைத்தேன். பிறகு அந்த அம்மாள் முகத்தைப் பார்த்தேன். பதினேழு வருஷமாகக் கண் போடுகிறேன், ஒரு ஆளின் கண்ணைப் பார்த்துப் போட்டதே இல்லை என்று அப்போதுதான் தெரிந்தது. இடது கண் வலதைவிடக் கொஞ்சம் தாழ்ந்திருந்தது. ஓரத்தில் இரண்டு சுருக்கம். ஆறிப்போன டீயைப் பற்றி எனக்குத் தெரியாதா? எங்கள் வீட்டுக்காரர் ஞாயிற்றுக்கிழமை பேப்பரைப் பிடித்தால் தம்ளர் என் கையிலேயே சூடு தணிந்துபோகும். கோபம் இருக்கும், ஆனால் டீயைக் கீழே வைத்துவிட்டுப் போகவும் மனசு வராது. அதைத்தான் போட்டேன். முக்கால் மணி நேரம் ஆயிற்று.

நான் இறங்கியதும் அம்புஜவல்லி அம்மாள் பார்த்தார். “இதான். நாப்பது வருசம் இப்படித்தான் நின்னேன்” என்றார். சிரித்தார், சிரிப்போடு கண்ணில் தண்ணீரும் வழிந்தது. அவர் கால் தள்ளாடுவதைப் பார்த்த எங்கள் வீட்டுக்காரர் கயிற்றை அவிழ்த்து ஓவியரின் நாற்காலியைக் கொண்டுவந்து போட்டார். அதில் உட்கார்ந்து அந்த அம்மாள் படத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

ஆபீசர் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். “வாட்ச்மேன், பாத்தது போதும். துணி வாங்கித் தொடைங்க. ரெக்கார்டுல முற்றுப்பெறாத ஓவியம்னு இருக்குது. நான் ஆய்வு முடிக்கிறப்ப அது அப்படியே இருக்கணும். இல்லேன்னா காவலாளி சரியில்லன்னு எழுத வேண்டியிருக்கும். அப்பறம் உங்க இஷ்டம்.”

ஒரு துணியை நனைத்து எங்கள் வீட்டுக்காரர் கையில் கொடுத்தேன். “தொடைச்சிடுங்க. உங்க வேலைதான் முக்கியம்” என்று காதோரம் சொன்னேன். அழுகை முட்டிக்கொண்டு வந்தது எனக்கு.

அவர் துணியை வாங்கிக்கொண்டு இரண்டு எட்டு வைத்தார். நாற்காலியில் உட்கார்ந்திருந்தவரைப் பார்த்தார். துணியை மடித்து ஸ்டூல் மேல் வைத்துவிட்டார்.

“முடியாதுங்க சார்” என்றார். “அந்தம்மா பாத்து முடிக்கட்டுங்க. அதுவரைக்கும் யாரையும் தொட விடமாட்டேங்க. நீங்க எழுதறத எழுதிக்கோங்க.”

ஆளைப் பார்த்தால் பூனை மாதிரி இருப்பார். ரேஷன் கடைக்காரனிடம்கூட எதிர்த்து ஒரு பேச்சுப் பேசியதில்லை. அந்த நிமிஷம் அவரைக் கட்டிப்பிடித்துக்கொள்ள வேண்டும்போல இருந்தது எனக்கு, அத்தனை பேர் முன்னால்.

ஆபீசர் பேனாவை மூடிக்கொண்டு சும்மா நின்றார். கால் மணி நேரம் போயிருக்கும். அம்புஜவல்லி அம்மாள் எழுந்தார். துணியை அவரே எடுத்து, தூங்குகிற பிள்ளைக்கு முகம் துடைக்கிற மாதிரி இரண்டு கண்ணையும் துடைத்தார்.

“அவரு விட்டபடியே இருக்கட்டும். அடுத்த மாசி மகத்துக்கு வரேன், மறுபடியும் போடு” என்றார் என்னிடம். “அதுக்குள்ள எனக்கு ஒரு வயசு கூடியிருக்கும். அதையும் சேத்துப் போடு.”

“ஊரே வரும்மா பாக்கறதுக்கு” என்றாள் அமிர்தம்.

அம்மாள் ஆபீசர் பக்கம் திரும்பினார். “சார், இந்த ஆளு காவல் இருக்கற வரைக்கும் படம் இங்க இருக்கும். இவரை அனுப்பிட்டீங்கன்னா நான் வந்து எடுத்துக்கிட்டுப் போயிடுவேன். எழுதிக்கோங்க.”

ஆபீசர் முப்பத்திரண்டு பெண்களையும் ஒருமுறை பார்த்தார். ஃபைலைத் திறந்து மேசை மேல் வைத்தார். “சரி, நிரந்தர ஆர்டர்ல போடணும். உங்க பேர் என்ன வாட்ச்மேன்? இனிஷியலோட சொல்லுங்க” என்றார்.

எங்கள் வீட்டுக்காரர் வாயைத் திறந்தார். காற்றுத்தான் வந்தது. துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டு என் பக்கம் கையைக் காட்டினார். எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். கல்யாணம் ஆகிப் பதினாலு வருஷத்தில் அந்தப் பெயரை நான் வாயால் சொன்னதில்லை. பிரசவத்துக்குப் போன ஆஸ்பத்திரியில்கூட, புருஷன் பேர் கேட்ட நர்ஸிடம் பக்கத்துக் கட்டில்காரியைச் சொல்லச் சொன்னவள் நான்.

“கோ. பழமலைங்க” என்றேன். நன்றாகக் கேட்கிற மாதிரியே சொன்னேன்.